பல்லில் கடித்த கயிறு

கயித்தைக் கடிச்சாச்சு, இனிமே பேச முடியாது. நல்லதாப் போச்சுன்னு ஒரு மனசு, அடிப்பாவி கரையிலயே சொல்லித் தொலைச்சிருக்கலாமேன்னு ஒரு மனசு. புடவையை முட்டிக்கு மேல தூக்கிச் செருகிக்கினே ஏகவள்ளி அக்கா சொன்னா, "நாளையிலேருந்து நீ வேற ஜோடி பாத்துக்கோ தேசம்மா. நாங்க கெளம்பறோம்." அவ்ளோதான். சோறு வடிச்சாச்சு வா துன்னலாம்னு சொல்ற மாதிரி சொன்னா. நான் வாயைத் தெறக்கறதுக்குள்ள பறிக் கயித்தைப் பல்லுல கடிச்சிக்கினு தண்ணியில எறங்கிட்டா. நானும் எறங்கிட்டேன். வேற இன்னா செய்யறது? பனையோலைப் பறி தாடைக்குக் கீழ தொங்குது, பாதி மெதக்குது, அலைக்கு அலை கழுத்துல இடிக்குது. முட்டி போட்டு நகந்துக்கினே ரெண்டு கையாலயும் சேத்தைத் தடவிக்கினு போவணும். கையில எறா பட்டா அமுக்கிப் புடிச்சிப் பறியில போடணும். ரெண்டு கையும் கீழயே இருக்கறதால பறியைப் புடிக்க வாய்தான். பொழுதுக்கும் தொணதொணன்னு பேசறவளுங்க எல்லாம் தண்ணியில எறங்கிட்டா ஊமைங்க. என் மாமியாக்காரி சொல்லுவா, இந்தத் தொழில் இல்லாட்டி உன் வாய்க்குப் பூட்டே இல்லடின்னு. கெழவி போய்ச் சேந்துட்டா. இப்ப இருந்தா காறித் துப்பியிருப்பா. பூட்டு போட வேண்டிய நேரத்துல போடாம வுட்டவ நான். தெறக்க வேண்டிய நேரத்துல அஞ்சு மாசமா கடிச்சிக்கினு கெடக்கறவளும் நான்தான். சரி. அதோ மொதக் கம்பு. வலை கட்டறதுக்கு ஆம்பளைங்க நட்டு வச்ச கம்பு மூணு நிக்குது, மேக்கால ஒண்ணு, நடுவுல ஒண்ணு, கரண்டு கம்பெனி சுடுதண்ணி வாய்க்கா வந்து வுழற எடத்துல ஒண்ணு. மொதக் கம்புகிட்டப் போனதும் நிமிந்து நின்னு இடுப்பைப் புடிச்சிக்குவோம் இல்ல, அப்ப சொல்லிடறேன். அக்கா, அந்த ரிப்போட்டுல இருக்கறது உன் புருசன் சொன்னது இல்லக்கா, நான் சொன்னது. பத்து வார்த்தை கூட இல்ல. இதைச் சொல்ல இன்னாடி ஒனக்கு?

தண்ணி வத்தம் நல்லா இருக்குது இன்னிக்கி. இடுப்புக்குக் கீழதான். இன்னும் ரெண்டு மணி நேரம் வத்தும், அப்பால ஏறும், ஏற ஆரம்பிச்சிட்டா எறா மேல எழும்பிடும், கைக்கு நிக்காது. ரெண்டு மணி நேரம். ஏகா அக்கா எனக்கு எதிர்ல ரெண்டு முழம் தள்ளி வர்றா, நான் அவளைப் பாத்து, அவ என்னைப் பாத்து, நடுவுல இருக்கற சேத்தை ரெண்டு பேரும் வளைச்சிக்கினு வர்றோம். இது ஜோடித் தொழில். என் கைக்குத் தப்பற எறா பின்னால தாவும், நேரா அவ கையில போயி வுழும். அவளுக்குத் தப்பறது எனக்கு. அதனால யாரு எத்தினி புடிச்சான்ற பேச்சே கெடையாது, கரையில கொட்டி ரெண்டு கூறு போடுவோம். பதினெட்டு வருசம். கல்யாணமாயி இந்த ஊருக்கு வந்த மூணாம் மாசம் என்னைக் கூட்டிக்கினு எறங்கினவ இவதான். கையை எப்புடி விரிக்கணும், எறாவோட தலைமுள்ளு உள்ளங்கையில ஏறாம எப்புடி அமுக்கணும், எல்லாம் இவ கை சொன்னதுதான், வாய் சொன்னதில்ல. அப்பல்லாம் கையை சேத்துல வுடவே பயமா இருக்கும். இருங்கெளுத்தி பதுங்கிக் கெடக்கும். அது முள்ளால ஒரு போடு போட்டுச்சுன்னா ராத்திரி முழுக்க ஓன்னு கத்தணும், தோளு வரைக்கும் நெருப்பு ஏறும். எனக்கு ரெண்டு வாட்டி ஏறியிருக்குது. அதுக்காவ விரலை மடக்கி, சேத்தை மொதல்ல தட்டிப் பாத்து, அப்பால தடவுவோம். இப்ப யாரு தட்டறா? முழங்கை வரைக்கும் நேரா வுடறோம். குத்தறதுக்கு உள்ள ஒண்ணும் இல்ல. பயமில்லாமப் போச்சு பாரு, அதான் பெரிய பயம். சேறும் சேறா இல்ல. பாதி சேறு, பாதி சாம்பலு. கரண்டு கம்பெனிக்காரன் குழாய் ஒடைஞ்சி ஒடைஞ்சி வந்து வுழுந்த சாம்பலு ஆத்துக்கடியில மெத்தை போட்டு வச்சிருக்குது. மூஞ்சிக்குப் போடற பவுடர் மாதிரி வழவழன்னு இருக்கும். அதுக்குள்ள எறா நிக்காது, நண்டு வளை போடாது. கையை வுட்டா எங்க சேறு எங்க சாம்பலுன்னு கண்ணை மூடிக்கினு சொல்லுவேன். இவ்ளோ தெரியும் எனக்கு. தெரிஞ்சிக்கினுதான் அன்னிக்கி அந்தப் பொண்ணுகிட்ட அப்புடிப் பேசினேன். ஐயோ, ஒரு எறா. புடிச்சிட்டேன். சின்னது. போடு.

மொதக் கம்பு வந்துட்டுது. ஏகா அக்கா நிமிந்தா. கயித்தைப் பல்லுலேருந்து எடுக்கல. கம்பைப் புடிச்சிக்கினு ஆத்துமொவத்தைப் பாத்துக்கினு நின்னா. நானும் எடுக்கல. அவ எடுத்தா நானும் எடுத்திருப்பேன், அவ எடுக்கல இல்ல, நான் மட்டும் எப்புடி எடுக்கறது. இதெல்லாம் ஒரு சாக்கு, எனக்குத் தெரியாதா? அவ புடிச்சிக்கினு நிக்கறாளே அந்தக் கம்பு, அதுவே அவ புருசன் எத்திராசு நட்ட கம்பு. பன்னெண்டு குடும்பத்துக்கு இங்க வலை கட்டற பாடு. ஒரு நாளைக்கு ஒரு குடும்பம்னு மொறை போட்டு வரும், பன்னெண்டு நாளைக்கு ஒரு வாட்டி. எங்க பாட்டன் முப்பாட்டன் காலத்துலேருந்து அந்த வரிசை மாறினது இல்ல. போன ஆவணியில மாறிச்சு. நாட்டாரு மருமவன் வக்கீலுக்குப் படிச்சவரு, கோயில் வாசல்ல ஒக்காந்து ஒரு ரிப்போட்டைப் படிச்சாரு. கம்பெனிக்காரன் இன்னொரு சாம்பக் குழாயை ஆத்து மேலயே போடப் போறான், அதனால ஆத்துக்கு ஒரு கெடுதலும் வராதுன்னு யாரோ எழுதிக் குடுத்த ரிப்போட்டு. நாங்க பொம்பளைங்க எல்லாம் பக்கத்துப் பள்ளிக்கூட செவுத்துக்குப் பின்னால நின்னு கேட்டுக்கினு இருந்தோம், கூட்டத்துல எங்களுக்கு எடம் இல்ல. அதுல ஒரு எடத்துல படிச்சாரு, இந்த ஆத்துலேயே தொழில் செய்யற அனுபவமுள்ள உள்ளூர் மீனவர் ஒருத்தர் சொன்னபடி இங்க நாப்பத்திரெண்டு வகை மீன் இன்னிக்கும் கெடைக்குது, மீன்வளம் நல்லா இருக்குதுன்னு. நாப்பத்திரெண்டு. அது மார்க்கெட்டுல என் வாயிலேருந்து வந்த கணக்கு. ஆம்பளைங்க எல்லாம் ஒருத்தன் மூஞ்சியை ஒருத்தன் பாத்தாங்க. அப்பால எல்லாரும் சேந்து எத்திராசு மாமாவைப் பாத்தாங்க. ஏன்னா பங்குனியில ரிப்போட்டு எழுதற ஆளுங்க வந்தப்ப மூணு நாளு அவரு போட்டுலதான் ஆத்தைச் சுத்தினாங்க. எந்த எடத்துல சாம்பலு மேடு தட்டி நிக்குதுன்னு கம்பு போட்டு ஆழம் காட்டினாராம். அதுல ஒரு வரி கூட ரிப்போட்டுல இல்ல. அவரு எழுந்து நின்னாரு. "நான் அப்புடிச் சொல்லலய்யா"ன்னாரு. "அப்ப யாருடா சொன்னது, ஆறே வந்து சொல்லிச்சா?"ன்னு ஒருத்தன் கத்தினான். செவுத்துக்குப் பின்னால என் பக்கத்துலதான் ஏகா அக்கா நின்னா. என் முழங்கையை இறுக்கிப் புடிச்சிக்கினு இருந்தா. இந்தக் கையைத்தான்.

சரி, அடுத்த கம்பு. நடுக்கம்புகிட்ட கட்டாயம் சொல்லிடறேன். என் புள்ளைங்க மேல ஆணையா. வேணாம், புள்ளைங்களை இழுக்காத. ஏண்டி அன்னிக்கி அப்புடிப் பேசின? நூறு வாட்டி கேட்டாச்சு இந்த மனசை. அதே பங்குனி மாசம், மார்க்கெட்டுல நல்ல உச்சி வெயிலு. கூடையில இருந்தது முக்காவாசி தொறைமொவத்துலேருந்து வாங்கிக்கினு வந்த ஐஸு மீனு, மேலால நாலு மடவையை மட்டும் ஆத்து மீனுன்னு பரப்பி வச்சிருந்தேன். ஆத்து மீனுன்னு சொன்னாதான் அந்த டவுனு ஜனம் வாங்கும். அதுங்களும் லேசுப்பட்டதுங்க இல்ல, ஒவ்வொண்ணும் குனிஞ்சி மோந்து பாத்துட்டு, இன்னாம்மா மண்ணெண்ணெய் வாடை அடிக்குதுன்னு மூஞ்சியைச் சுளிச்சிக்கினு போவும். ஒரு கண்ணாடி போட்ட அம்மா மடவையோட செவுளைத் தூக்கிப் பாத்துக்கினு நிக்குது. அந்த நேரம் பாத்து வந்தா அந்தப் பொண்ணு. முதுவுல பையி, கையில நோட்டு, வேர்த்துக் கொட்டுது பாவம். "அக்கா, உங்க ஆத்துல என்னென்ன மீன் கிடைக்கும்?"னு கேட்டா. கஸ்டமரு நிக்குது எதிர்ல. மீன் விக்கறவ வாயிலேருந்து இல்லன்ற வார்த்தை வருமா? செத்த ஆத்து மீனுன்னு சொல்லியா விப்பாங்க? "எங்க ஆத்துல இல்லாத மீனா? ஒக்காரும்மா சொல்றேன்"னு ஆரம்பிச்சேன். மடவை, கொடுவா, ஓரா, கீச்சான், உடான், பால்கெண்டை, உளுவை, விலாங்கு. எண்ணி எண்ணி எழுதிக்கினா. "இன்னும் இருக்கா அக்கா?"ன்னு கண்ணு விரியக் கேட்டா. இருக்குதான்னா? இந்தா வாங்கிக்கோ. பத்து வருசமா கண்ணால பாக்காத மீனு பேரெல்லாம் வாயில வந்து நிக்குது. இருங்கெளுத்தியைக் கூடச் சொன்னேன். அது குத்தினா எப்புடி இருக்கும்னு கையை ஒதறி ஒதறிக் காட்டி, அந்தப் பொண்ணைச் சிரிக்க வச்சேன். கண்ணாடிக்கார அம்மாவும் சிரிச்சிட்டு நாலு மடவையையும் வாங்கிக்கினு போச்சு. விக்கறதுக்காவ மட்டும் சொன்னேன்னு சொன்னாலும் பொய்யி. சொல்லச் சொல்ல எனக்கே சந்தோசமா இருந்துச்சு, அதான் நெசம். ஒவ்வொரு பேராச் சொல்றப்ப அது அது கையில துள்ளற மாதிரி இருந்துச்சு. போன வருசம் கெடைச்சுதான்னு அவ கேட்டா. கேட்டா, நல்லா ஞாபகம் இருக்குது. அந்த எடத்துலயாவது நிறுத்தியிருக்கலாம். "நேத்துக் கூட கெடைச்சுதும்மா"ன்னேன். எதுக்குடி அந்த நேத்து? யாரு கேட்டா உன்னை? டீ வாங்கிக் குடுத்தேன் அவளுக்கு, டீயி. போறப்ப மொத்தம் நாப்பத்திரெண்டு ஆச்சுக்கா, தேங்க்ஸ்கா தேங்க்ஸ்கான்னு சொல்லிட்டுப் போனா. அவ எதுக்கு எழுதறா, யாருக்கு எழுதறான்னு ஒரு வார்த்தை நான் கேக்கல. ஏதோ படிக்கற பொண்ணு, பரிச்சைக்கு எழுதுதுன்னு நெனைச்சிக்கினேன். அவளுக்கும் தெரியாதோ இன்னாவோ. அவளைத் திட்டவும் வாய் வரல எனக்கு.

காலு அரிக்குது. சாம்பலு படற எடமெல்லாம் இப்புடித்தான், வூட்டுக்குப் போயி தேங்காண்ணெய் தடவினாலும் நிக்காது. அரிக்கட்டும். அரிச்சாத் தேவலை. சொறியக் கூட கையை எடுக்கக் கூடாது. இன்னொரு எறா, நழுவிடுச்சு, அக்கா கைக்குப் போயிட்டுது. நான் வுடறதெல்லாம் அவ கைக்குத்தான் போவுது. போதும், ஒளறாத. ஆவணிக்கு அப்பால எத்திராசு மாமாவைப் பாடு மொறையிலேருந்து நிறுத்தி வச்சாங்க. டீக்கடையில அவரு பெஞ்சியில ஒக்காந்தா மத்தவன் எழுந்துக்கறான். அவரு மொறை யாருக்குப் போச்சு? வரிசையில அடுத்தவனுக்கு. வரிசையில அடுத்தவன் யாரு? என் வூட்டுக்காரரு, பாளையம். அன்னிக்கி ராத்திரி அவரு வந்து சந்தோசத்தை மறைக்கத் தெரியாம, "நமக்கு மாசத்துல ரெண்டு நாளு கூட வருதுடி"ன்னாரு. அப்பவே சொல்லியிருக்கணும். சோறு போட்டேன். மறுநாளு, அதுக்கு மறுநாளுன்னு அஞ்சு மாசம் சோறு போட்டுக்கினே இருக்கேன். அந்த ரெண்டு நாளு வலையில வர்ற மீனை அறுத்துக் கழுவிக் குழம்பு வச்சி என் புள்ளைங்களுக்கு ஊட்டியிருக்கேன். ஏகா அக்கா பொண்ணு ஒருநாளு வூட்டுக்கு வந்துச்சு, அதுக்கும் ஒரு கிண்ணம் ஊத்திக் குடுத்தேன். அவங்கப்பன் கம்புல வந்த மீனை அதுக்கே தானம் பண்றேன் பாரு, நான் எப்பேர்ப்பட்ட புண்ணியவதி! ஒருநாளு வூட்டுக்காரருகிட்ட ஜாடையா ஆரம்பிச்சேன். "ஒருவேள எத்திராசு மாமா சொல்லாம வேற யாராவது சொல்லியிருந்தா?"ன்னேன். அவரு தலையைத் தூக்கி என்னை ஒரு பார்வை பாத்தாரு. "சொல்லியிருந்தா சொல்லியிருக்கட்டும். நீ ஒண்ணும் நோண்டாத"ன்னாரு. அவருக்குத் தெரியுமோன்னு அன்னிலேருந்து ஒரு பயம். தெரிஞ்சிக்கினு துன்றாரா, தெரியாமத் துன்றாரா? எது மேலு? நான் சொல்லிட்டா எங்களைத் தள்ளி வைப்பாங்க. பெரியவனுக்கு இந்த வருசம் பரிச்சை. சின்னதுக்கு மூச்சு எளைப்பு. எங்க ரெண்டு புள்ளைங்களைக் கணக்குப் பண்ற நான், அவளோட ஒத்தப் பொண்ணைக் கணக்குல சேக்கல. இதைத்தான் தப்புன்றேன். அன்னிக்கி வாய் கொழுப்புல பேசினது ஒரு தப்பு. அதுக்கப்பறம் ஒவ்வொரு நாளும் காலையில எழுந்து மூஞ்சி கழுவிக்கினு பேசாம இருக்கேன் பாரு, அது எத்தினி தப்பு?

நடுக்கம்பு. ஏகா அக்கா கயித்தை எடுத்துட்டா. பறியைக் கம்புல மாட்டிட்டு எச்சியைத் துப்பிட்டு, "சாம்பலு இன்னிக்கி கல்லு மாதிரி இறுகிக் கெடக்குதுடி. கையே எறங்கல"ன்னா. நானும் எடுத்துட்டேன். வாய் காலியா இருக்குது. இப்ப. இப்ப சொல்லுடி. "வெத்தலை இருக்குதாக்கா?"ன்னேன். தூ! கருமம் புடிச்ச வாயி. "தண்ணியில நின்னுக்கினு வெத்தலையா, உனக்கு ஆனாலும் ஏத்தம்டி"ன்னு சிரிச்சா. சிரிச்சிட்டு அப்புடியே சிரிப்பு நின்னுபோயி கம்பைப் பாத்துக்கினு சொன்னா, "இன்னிக்கி சாயந்திரம் ஊர்க்கூட்டம் இருக்குது. ஒத்துக்கினு அபராதம் கட்டிட்டா பாடு திரும்பக் குடுப்பாங்களாம். இல்லாட்டி பேரையே அடிச்சிடுவாங்களாம். நேத்து ராத்திரி உன் மாமா ஒக்காந்து அழுவறாருடி. நான்தான் சொன்னேன்னு ஒத்துக்கறேன் ஏகா, எனக்கு இந்த ஆறு இல்லாம வேற ஒண்ணும் தெரியாதுன்றாரு." நான் கம்பைப் புடிச்சிக்கினேன். "நீ இன்னாக்கா சொன்ன?" "வேணாம்னேன். செய்யாததைச் செஞ்சேன்னு சொல்லிட்டு, தெனம் அவனுங்க மூஞ்சில எப்புடி முழிப்ப? என் தம்பி ஒரகடத்துப் பக்கம் ஒரு கம்பெனியில வாட்ச்மேன் வேலை பாத்து வச்சிருக்கான். போயிடலாம்னேன். ஆறும் இல்ல கடலும் இல்ல அந்த ஊர்ல. கூட்டத்துல போயி நான் சொல்லல, நீங்களே வச்சிக்குங்க உங்க பாடு மொறையைன்னு சொல்லிட்டு வந்துடுன்னு சொல்லியிருக்கேன்." அவ கண்ணுல தண்ணி இல்ல. என் கண்ணுலதான் வந்துச்சு, அது கூட எனக்குத்தான் வருது பாரு, வெக்கங்கெட்டது. "அழுவாதடி, உனக்கு வேற ஜோடி கெடைப்பா"ன்னு என் தோளைத் தட்டினா. என்னைத் தேத்தறா. தட்டிட்டுக் கயித்தைக் கடிச்சிக்கினா.

இதுக்கு மேல கம்பு ஒண்ணுதான் இருக்குது. தண்ணி சூடேறுது, மொழங்கால்ல தெரியுது, வாய்க்காத் தண்ணி கலக்கற எடம் கிட்ட வருது. இங்கதான் எறா கொஞ்சம் கூடும், சூட்டுக்கு மயங்கிப்போயி மந்தமாக் கெடக்கும், பொறுக்கிக்கலாம். மயங்கிக் கெடக்கறதைப் பொறுக்கறதுக்குப் பேரு தொழிலாம். புடி, போடு. புடி, போடு. சொல்லாமயே வுட்டா இன்னா ஆவும்? அவங்க போயிடுவாங்க. கொஞ்ச நாளு கஷ்டமா இருக்கும். அப்பால எல்லாரும் மறந்துடுவாங்க, நானும் மறந்துடுவேன். மறந்துடுவேனா? மறப்பேன். என்னை எனக்குத் தெரியும். பொங்கலுக்குப் புடவை எடுப்பேன், சீரியல் பாப்பேன், மார்க்கெட்டுல கூவி விப்பேன். அதை நெனைச்சாத்தான் பயமா இருக்குது. அவங்க போறதை வுட, அவங்க போனப்பறமும் நான் நல்லா இருந்துடுவேனேன்றதுதான். அந்தக் குழாயும் வந்துடும். என் பேரு போடாத என் வார்த்தை அதுக்குக் கீழ முட்டுக் குடுத்துக்கினு நிக்கும். சேத்துக்குள்ள ஏதோ கையில பட்டுச்சு. பெருசு. புடிச்சேன். எறா இல்ல, அவ கை. ரெண்டு பேரும் வளைச்சிக்கினு வந்து கையோட கை முட்டிக்கிச்சு. எப்பவும் நடக்கறதுதான், வுட்டுட்டு நகந்துடுவோம். நான் வுடல. விரலெல்லாம் தோலு உரிஞ்சி கரடுமொரடா இருக்குது. எங்க ரெண்டு பேரு கையும் ஒண்ணுபோலத்தான் இருக்குது, எது யாருதுன்னு தண்ணிக்குள்ள தெரியல. அவ இழுத்துப் பாத்தா. நான் வுடல. நிமிந்து என்னைப் பாத்தா, புருவத்தைத் தூக்கி இன்னாடின்னு கேட்டா. நான் இன்னொரு கையால கயித்தைப் பல்லுலேருந்து புடுங்கினேன். பறி சாஞ்சி, எறா நாலஞ்சி தண்ணியில வுழுந்துச்சு.

"நான்தான்க்கா சொன்னேன்"ன்னேன். "அந்த நாப்பத்திரெண்டு மீனும் நான்தான் சொன்னேன். மார்க்கெட்டுல. அந்த நோட்டு வச்சிக்கினு வந்த பொண்ணுகிட்ட. மாமா சொல்லல." அவ கையை இன்னும் புடிச்சிக்கினுதான் இருக்கேன். அவ அசையல. திட்டுவா, அறைவா, மயித்தைப் புடிச்சித் தண்ணியில அமுக்குவான்னு நெனைச்சேன், அமுக்கினாத் தேவலைன்னு இருந்துச்சு. அவ கயித்தை எடுக்கல. கடிச்சிக்கினே என்னைப் பாத்துக்கினு இருந்தா. தாடை மட்டும் இறுகிச்சு, அந்த ஓலைக்கயிறு அறுந்துடுமோன்ற மாதிரி. அப்பால கையை உருவிக்கினு குனிஞ்சி தடவ ஆரம்பிச்சிட்டா. இன்னா பண்ணச் சொல்றீங்க என்னை? நானும் கயித்தைக் கடிச்சிக்கினு குனிஞ்சேன். அவ கையிலேருந்து எறா தாவி என் பக்கம் வருது, ஒண்ணு ரெண்டு மூணுன்னு வருது, எப்பவும் மாதிரியே வளைச்சி வளைச்சி எனக்கு அனுப்பறா. நிறுத்துக்கா, அனுப்பாதக்கான்னு கத்தணும் போல இருக்குது. வாய்ல கயிறு. தண்ணி ஏற ஆரம்பிச்சிட்டுது, பறி மெதந்து மூக்குக்கு வருது. மூணாவது கம்பு தாண்டி அவ கரைக்குத் திரும்பினா. பின்னாலயே போனேன். அவ குதிகாலு சேத்துல பதிஞ்சி பதிஞ்சி எழும்பறதைப் பாத்துக்கினே போனேன். ஒரு வாட்டி கூடத் திரும்பிப் பாக்கல.

கரையில சாக்கை விரிச்சி ரெண்டு பறியையும் கொட்டினா. ரெண்டு கூறு போட்டா. பெருசு ரெண்டு பக்கமும் சமமா வரணும்னு மாத்தி மாத்தி வச்சா, ஒண்ணு அதிகமாப் போச்சுன்னு எடுத்து இந்தப் பக்கம் வச்சா. எத்தினியோ நாளு பாத்ததுதான், இன்னிக்கிப் பாக்க முடியல. "எடு"ன்னா. நான் எடுக்கல. "எடுடி. தொழில் வேற"ன்னா. எடுக்கல. அவ குந்தினபடியே புடவை முந்தியைப் புழிஞ்சா. புழிஞ்சிக்கினே கேட்டா, "எப்ப தெரியும் உனக்கு?" "அன்னிக்கே. செவுத்துக்குப் பின்னாலயே." "நான் உன் கையைப் புடிச்சிக்கினு இருந்தப்பவா?" தலையை ஆட்டினேன். அவ தலையைத் திருப்பி ஆத்தைப் பாத்தா. ரெண்டு கொக்கு வந்து சாம்பலு மேட்டுல ஒக்காந்துட்டு, ஒண்ணும் இல்லன்னு எழுந்து போச்சு. "எங்கிட்ட சொல்லி இன்னாடி ஆவும்? நான் எப்பவும் அவரு சொல்லலன்னுதான் சொல்லிக்கினு இருக்கேன். ஊரு முன்னால யாரு சொல்றது? பொம்பளை போயி அங்க நிக்க முடியாது. உன் வூட்டுக்காரருதான் எழுந்து சொல்லணும். அவரு பாடு போவும். சொல்லுவாரா?"

"சொல்லுவாருக்கா"ன்னேன். "அவரு ஏன் சொல்லாம இருக்கப் போறாரு, நீ கவலையே படாத, நான் சொன்னா அவரு கேப்பாரு, கட்டாயம் சொல்லுவாரு." வார்த்தை தங்கு தடையில்லாம வந்துச்சு.

ஏகா அக்கா முந்தியைப் புழியறதை நிறுத்திட்டா. கோவமில்ல அவ மூஞ்சில, தெரிஞ்சிக்கத்தான் கேட்டா. "மீனு இருக்குதான்னு அந்தப் பொண்ணு கேட்டப்பவும் இப்புடித்தான் சொன்னியா தேசம்மா?"

"ஆமாக்கா"ன்னேன்.